ஷெர்பூர்க் குடைகள்

பாட்டாலே கதை சொல்வது நமக்குப் புதிய செய்தியன்று. நந்தனார் சரித்திரக் கீர்த்தனைகளில் உருகியவர்களும், சங்கரதாஸ் சுவாமிகளின் நாடகங்களை விடிய விடியக் கேட்டவர்களும் நம்முடைய பாட்டன்மார். அரசன் சினந்தாலும் பாட்டு, அரசி அழுதாலும் பாட்டு என்பதே அந்த மேடையின் வழக்கம். ஆயினும், அங்கே பாடியவர்கள் தெய்வங்களும் அரசர்களும் அடியார்களும் ஆவர். மோட்டார் பட்டறையில் வேலை செய்யும் ஒருவன், கையிலுள்ள கரியைத் துடைத்துக்கொண்டே, வண்டி எஞ்சினின் நிலைமையைப் பாட்டாகச் சொன்னால் எப்படி இருக்கும்? பெட்ரோல் நிலையத்துப் பையன், உயர்ந்த ரகமா சாதாரண ரகமா என்று பாடிக் கேட்டால் எப்படி இருக்கும்? கேட்பவர்க்குச் சிரிப்புத்தானே வரும்? 1964-ஆம் ஆண்டு பிப்ரவரி மாதம் பிரான்ஸ் நாட்டில் வெளிவந்த ஒரு திரைப்படம் இந்தச் சோதனையைத் துணிந்து செய்து பார்த்தது. சிரிப்போடு தொடங்கும் அப்படம் கண்ணீரோடு முடிகிறது.

‘ஷெர்பூர்க் குடைகள்’ என்பது அதன் பெயர். எழுதி இயக்கியவர் ஜாக் தெமி. இசையமைத்தவர் மிஷேல் லெக்ரான். ஏறக்குறைய ஒன்றரை மணி நேரம் ஓடும் இப்படத்தில், பாடாமல் பேசப்படும் சொல் ஒன்றுகூடக் கிடையாது. கதையை நிறுத்திவிட்டு ஆடும் கூட்ட நடனமும் கிடையாது. அதே 1964-இல் கான் நகரத் திரைப்பட விழாவில், ஃபிரிட்ஸ் லாங் தலைமையில் அமைந்த நடுவர் குழு இதற்கு முதற் பரிசு வழங்கியது. அறுபது ஆண்டுகள் கடந்த பின்னரும் இப்படம் பல நாடுகளில் திரையிடப்பட்டு வருகிறது. இதன் இனிமை எங்கிருந்து வந்தது? அந்த இனிமைக்குப் பின்னே எத்தகைய உழைப்பும், எத்தகைய வரலாறும் மறைந்து கிடக்கின்றன? இவற்றை நாம் இன்று சற்றே எண்ணிப் பார்ப்போம்.

தெமி 1931-ஆம் ஆண்டு ஜூன் 5-ஆம் நாள் பிறந்தவர். மேற்குப் பிரான்சிலுள்ள நாந்த் நகரத்தில் வளர்ந்தவர். தந்தையார் மோட்டார் பட்டறை நடத்தினார். தாயார் சிகையலங்காரத் தொழில் செய்தார். எண்ணெய் வாசனையும் இயந்திர ஓசையும் நிறைந்த வீட்டிலே பிள்ளையின் மனம் மட்டும் பொம்மலாட்டத்திலும் படங்காட்டும் கருவியிலும் ஈடுபட்டது. 1943-ஆம் ஆண்டு செப்டம்பரில் நேச நாட்டு விமானங்கள் நாந்த் நகரத்தின்மீது குண்டு வீசியபோது அவருக்கு வயது பன்னிரண்டு. யுத்தம் என்பது எளிய குடும்பங்களை என்ன செய்யும் என்பதை அவர் ஏட்டில் படித்து அறிந்தவர் அல்லர். பிற்காலத்தில் தம் படத்தின் தலைவனை மோட்டார்ப் பட்டறைத் தொழிலாளியாக அமைத்து, அவனை யுத்தத்துக்கு அனுப்பிய கை, தான் நேரில் கண்டவற்றையே தீட்டியது எனலாம்.

1961-இல் தெமியின் முதல் முழுநீளப் படமான ‘லோலா’ வெளிவந்தது. அதனை வண்ணத்தில், பாட்டும் ஆட்டமும் கலந்து எடுக்கவே அவர் விரும்பினார். பணம் இடங்கொடுக்கவில்லை; கறுப்பு வெள்ளையிலேயே எடுத்து முடித்தார். அந்தப் படத்தில்தான் லெக்ரானோடு அவருக்குக் கூட்டுறவு ஏற்பட்டது. 1932-இல் பிறந்த லெக்ரான், பாரிஸ் இசைக்கல்லூரியில் நாதியா பூலான்ஷே என்னும் பேராசிரியையிடம் ஐரோப்பியச் செவ்வியல் இசையைக் கற்றவர்; அதே வேளையில் ஜாஸ் இசையிலும் வேரூன்றியவர். 1958-இலேயே அமெரிக்கா சென்று மைல்ஸ் டேவிஸ் போன்ற ஜாஸ் விற்பன்னர்களைக் கொண்டு இசைத்தட்டு வெளியிட்டவர். பழைய சங்கீதத்தின் ஒழுங்கும், தெருவில் நடக்கும் மனிதனின் துள்ளலும் ஒருங்கே கைவந்த ஒருவர் தெமிக்கு வேண்டியிருந்தது. அவர் கிடைத்தார்.

இருவரும் பல மாதங்கள் பியானோவின் முன்னே அமர்ந்து, சொல்லுக்குச் சொல் இசை கண்டனர். ‘கடை எத்தனை மணிக்கு அடைப்பார்கள்’ என்பது போன்ற ஒரு வாக்கியத்தை இசைநாடக மேடையின் கம்பீரத்தோடு பாடினால் அது கேலிக்கூத்தாகிவிடும். அதனைச் சும்மா பேசினாலோ பாட்டு அறுந்துவிடும். ஆகவே, பேச்சு இயல்பாக எங்கே உயர்கிறதோ அங்கே இசை உயரவும், எங்கே தாழ்கிறதோ அங்கே தாழவும் வேண்டும். உள்ளம் நிரம்பி வழியும் இடங்களில் மட்டும் பேச்சிலிருந்து முழுப் பாட்டு மெல்ல மலர வேண்டும். படம் முழுவதும் பாடலாக இருக்கும் என்று கேட்ட தயாரிப்பாளர் பலர் தயங்கினர். இறுதியில் மாக் போதார் என்னும் பெண்மணி தயாரிக்க முன்வந்தார். தாம் எடுப்பது என்ன வகைப் படம் என்பதைத் தெமி அழகாகச் சொன்னார்: வண்ணத்தில் எடுத்த படம் என்பதுபோல, இது பாட்டில் எடுத்த படம். பிரெஞ்சு மொழியில் அச்சொற்களைச் சேர்த்து உச்சரித்தால் ‘மனம் மயங்கியது’ என்ற பொருளும் தொனிக்கும்.

படப்பிடிப்பு முறையையும் நாம் அறிந்துகொள்வது நலம். பின்னணிப் பாட்டு நம் நாட்டுப் படங்களைப் பார்த்துப் பழகியவர்களுக்கு விளக்க வேண்டாத பொருள். ஆனால், நம் படங்களில் பாட்டுக் காட்சிக்கு மட்டும் பின்னணிக் குரல். மற்ற நேரங்களில் நடிகர் தம் குரலில் பேசுவார். இங்கேயோ படம் முழுவதும் பின்னணிக் குரலே. கதாநாயகி ழெனெவியேவாக நடித்த கதரின் தெநோவுக்குத் தனியேல் லிகாரி பாடினார். கீ என்னும் இளைஞனாக நடித்த இத்தாலிய நடிகர் நினோ கஸ்தெல்நுவோவுக்கு ழொசே பார்தெல் குரல் கொடுத்தார். கதாநாயகியின் தாயாக வரும் ஆன் வெர்னோனுக்கு, இசையமைப்பாளரின் தமக்கையாரான கிறிஸ்தியான் லெக்ரான் பாடினார். ஒலிப்பதிவு முழுவதும் முன்னதாகவே முடிந்துவிட்டது. அந்த ஒலிநாடா ஓட ஓட நடிகர்கள் நடித்தனர்.

இதனால் நேர்ந்த விளைவைக் கவனிக்க வேண்டும். சாதாரணப் படத்தில் நடிகர் விரும்பினால் ஒரு கணம் கூடுதலாக மௌனம் காக்கலாம். ஒரு பெருமூச்சு விடலாம். இங்கே அந்தச் சுதந்தரம் இல்லை. கோப்பையை எடுப்பது, கதவைத் திறப்பது, முகத்தைத் திருப்பிக்கொள்வது ஆகிய எல்லாவற்றுக்கும் இசை காலக்கணக்கு வைத்துவிட்டது. காமிராவும் அந்தத் தாளத்துக்கே அசைய வேண்டும். இவ்வளவு கட்டுக்குள்ளே நடித்த தெநோவ் அப்போது ஏறக்குறைய இருபது வயதுப் பெண். அவர் முகத்தில் வருத்தம் தோன்றும் இடங்களில், இது அளந்து வைத்த வருத்தம் என்று நமக்குத் தோன்றுவதே இல்லை.

படத்தின் முதற் காட்சி மோட்டார்ப் பட்டறையில் நிகழ்கிறது. ஜாஸ் இசை துள்ளுகிறது. வேலை முடித்த தொழிலாளர்கள் கை கழுவிக்கொண்டே அன்றைய மாலைப் பொழுதைப்பற்றிப் பாடிப் பேசுகின்றனர். கீ தன் காதலியோடு ‘கார்மென்’ என்னும் இசைநாடகத்துக்குப் போகிறான். அவன் தோழன் ஒருவன், இந்தப் பாட்டு நாடகங்கள் தனக்குப் பிடிப்பதில்லை என்றும், சினிமாவே தனக்கு உகந்தது என்றும் சொல்லுகிறான். அதையும் அவன் பாட்டாகவே சொல்லுகிறான்! பார்ப்பவர் மனத்தில் எழக்கூடிய ஆட்சேபத்தைத் தெமி முன்கூட்டியே ஒரு பாத்திரத்தின் வாயில் வைத்துச் சிரிக்க வைத்துவிடுகிறார். சிரித்த பிறகு நாமும் அந்த உலகத்தின் வழக்கத்துக்கு உடன்பட்டுவிடுகிறோம்.

இசைக்கு இணையாக வண்ணமும் பேசுகிறது. ஷெர்பூர், ஆங்கிலக் கால்வாய்க் கரையில் அமைந்த துறைமுகப் பட்டினம். அட்லாண்டிக் கடலைக் கடக்கும் பெருங்கப்பல்கள் தங்கிச் சென்ற ஊர். 1912-ஆம் ஆண்டு ஏப்ரல் 10-ஆம் நாள் ‘டைட்டானிக்’ கப்பல் இங்கே வந்து பயணிகளை ஏற்றிக்கொண்டுதான் புறப்பட்டது. மழைக்கும் மூடுபனிக்கும் பேர்போன இந்தச் சாம்பல் நிற ஊரில், தெமியின் கலை இயக்குநர் பெர்னார் எவேன் சுவர்களுக்குப் புதிய வண்ணம் பூசினார். அறைகளில் பூப்போட்ட சுவர்க்காகிதம் ஒட்டினார். ஆடை வடிவமைத்த ழாக்லின் மொரோ, அந்தச் சுவர்களோடு ஒத்தும் முரண்பட்டும் நிற்கும் நிறங்களில் உடைகளைத் தைப்பித்தார். ஒளிப்பதிவு செய்தவர் ழான் ரபியே. குடைக்கடையிலே தாயும் மகளும் வாதிடும்போது, சுவரின் இளஞ்சிவப்பும் பச்சையும் அவர்கள் உடையின் நிறத்தோடு சேர்ந்து வாதத்தில் கலந்துகொள்கின்றன. படத்தின் தொடக்கத்தில் காமிரா வானத்திலிருந்து பார்ப்பதுபோலக் கீழே நோக்குகிறது. நனைந்த கல் பாவிய தெருவில் மஞ்சளும் சிவப்பும் நீலமுமாகக் குடைகள் நகர்கின்றன. குடைக்குக் கீழே இருப்பவர் முகம் தெரியவில்லை. யாருடைய கதையாகவும் இது இருக்கலாம் என்று நமக்குத் தோன்றுகிறது.

கதை மிக எளியது. 1957-ஆம் ஆண்டு நவம்பரில் தொடங்குகிறது. குடைக்கடை வைத்திருக்கும் விதவைத் தாயின் மகள் ழெனெவியேவ். அவளுக்கும் கீக்கும் காதல். தாய்க்கு அது பிடிக்கவில்லை. அவளுக்கு வரிப்பாக்கி நெருக்குகிறது, கடை கைவிட்டுப் போகும் நிலை. அந்த வேளையில் கீக்குக் கட்டாய இராணுவச் சேவைக்கான அழைப்பு வருகிறது. இரண்டு ஆண்டுகள் அல்ஜீரியாவில் பணி. படத்தின் மூன்று பகுதிகளுக்கும் தெமி இட்ட பெயர்கள்: பிரிவு, இன்மை, மீட்சி.

பிரிதலும் இருத்தலும் இன்னவென்று இலக்கணம் வகுத்த மொழிக்கு உரியவர்கள் நாம். கார்காலம் வந்ததும் தலைவன் திரும்புவான் என்ற நம்பிக்கையே நம்முடைய முல்லை ஒழுக்கத்தின் உயிர். இந்தக் கதையிலும் மழை வருகிறது. ஆனால் கடிதம் வருவதில்லை. எப்போதோ ஒன்று வந்தால், அதில் ரோந்துப் பணியும் மரணமும் அடிபடுகின்றன. ழெனெவியேவ் கருவுற்றிருக்கிறாள். ஊரில் திருவிழாக் கூட்டம் வண்ணக் காகிதத் துணுக்குகளை வீசிக் களிக்கும்போது, அவள் தனியே நடந்து வருகிறாள். காதலன் முகமே தன் நினைவில் மங்கி வருகிறது என்பதை உணர்ந்து அஞ்சுகிறாள். ரோலான் கசார் என்னும் நகை வணிகர் அவளை மணக்க விரும்புகிறார். இவர் ‘லோலா’ படத்தில் காதலில் தோற்று ஊரைவிட்டுப் போனவர். அதே நடிகர் மார்க் மிஷேல் அதே பாத்திரமாக இங்கும் வருகிறார். பிறக்கப்போகும் குழந்தையைத் தம் குழந்தையாகவே வளர்ப்பதாக அவர் சொல்லுகிறார். அவள் இசைகிறாள்.

இந்த இடத்தில் நாம் வரலாற்றின் பக்கம் திரும்ப வேண்டும். அல்ஜீரியாவில் விடுதலைப் போர் 1954 நவம்பரில் தொடங்கி, 1962-இல் அந்நாடு சுதந்தரம் பெறும்வரை நீடித்தது. பத்து லட்சத்துக்கும் மேற்பட்ட பிரெஞ்சு இளைஞர்கள் கட்டாயச் சேவையில் அங்கே அனுப்பப்பட்டனர். ஆனால், அதனை யுத்தம் என்று சொல்லப் பிரெஞ்சு அரசாங்கம் மறுத்துவந்தது. ‘நிகழ்ச்சிகள்’ என்றும், ‘ஒழுங்கு காக்கும் நடவடிக்கைகள்’ என்றும் பெயர் சூட்டியது. ‘அல்ஜீரிய யுத்தம்’ என்ற சொல் பிரெஞ்சுச் சட்டத்தில் ஏறியது 1999-ஆம் ஆண்டு அக்டோபரில்தான். திரைப்படத் தணிக்கையும் கடுமையாக இருந்தது. ழான்-லூக் கோதார் 1960-இல் எடுத்த ‘சிறிய சிப்பாய்’ என்ற படம் 1963 வரை வெளிவர முடியவில்லை. அலேன் ரெனேயின் ‘மூரியேல்’ 1963-இல் இந்தப் பொருளைத் தொட்டது. அந்தப் படமும் கால்வாய்க் கரைத் துறைமுகம் ஒன்றிலேயே நிகழ்கிறது.

இத்தகைய மௌனத்துக்கு இடையே, இனிய இசையும் மிட்டாய் நிறங்களும் கொண்ட ஒரு காதற் படத்திலே அல்ஜீரியாவின் பெயர் வெளிப்படையாகப் பாடப்பட்டது. ஒவ்வொரு பகுதிக்கும் ஆண்டும் மாதமும் எழுத்திலே காட்டப்பட்டன. எந்தக் காலத்திலோ எந்த நாட்டிலோ நடந்த கதை என்று பார்ப்பவர் தப்பித்துக்கொள்ள இடமில்லை. துப்பாக்கிச் சத்தம் படத்தில் ஒரு முறையும் கேட்பதில்லை. யுத்தம் செய்த வேலை மட்டும் தெரிகிறது. குறை ஒன்றையும் சொல்லிவிட வேண்டும். அந்தப் போரில் பெருந்துன்பம் அடைந்தவர்கள் அல்ஜீரிய மக்களே. அவர்கள் துயரத்துக்கு இந்தப் படத்தில் இடமில்லை. ஒரு சிற்றூர்த் தொழிலாளியின் வாசலிலிருந்து எவ்வளவு தெரியுமோ அவ்வளவையே இது காட்டுகிறது. அந்த எல்லைக்குள் இது உண்மை பேசுகிறது.

ரயில் நிலையக் காட்சியை மறக்க இயலாது. புகைவண்டி மெல்ல நகர்கிறது. கீ வாசற்படியில் நிற்கிறான். ழெனெவியேவ் கூடவே சில அடி நடந்து நின்றுவிடுகிறாள். வண்டி செல்லச் செல்ல அவள் உருவம் சிறுத்துப் புள்ளியாகிறது. லெக்ரான் அமைத்த தலைமை இசைக்கூறு அங்கே முழு வேகத்தோடு பொங்குகிறது. அந்த மெட்டு பின்னர் ஆங்கிலச் சொற்களோடு உலகெங்கும் பரவியது. படத்தைக் காணாதவரும் அதை எங்கேனும் கேட்டிருப்பர். சொந்த ஊரை விட்டு வேற்று மாநிலத்துக்குப் பிழைக்க வந்த நம்மில் பலருக்கு, அந்தக் காட்சிக்கு விளக்கம் தேவையில்லை. நாமும் ஒருநாள் அப்படி ஒரு நடைமேடையை விட்டுப் புறப்பட்டவர்களே.

1959 மார்ச்சில் கீ காலில் காயம்பட்டுத் திரும்புகிறான். அவனும் மழையிலேதான் திரும்புகிறான், காத்திருந்தவள்தான் இல்லை. குடைக்கடை கைமாறிவிட்டது. கசந்து, வேலையை விட்டு, குடித்துத் திரிகிறான். அவனை வளர்த்த அத்தை இறக்கிறாள். நோயுற்ற அத்தைக்குப் பணிவிடை செய்துவந்த மதலேன் என்னும் அமைதியான பெண்ணே அவனை மீட்டெடுக்கிறாள். அவளை மணந்து, அத்தை விட்டுச்சென்ற பணத்தைக் கொண்டு பெட்ரோல் நிலையம் ஒன்று வாங்குகிறான்.

கடைசிக் காட்சி 1963 டிசம்பர், கிறிஸ்துமஸ் முன்னிரவு, பனி பெய்கிறது. மனைவியும் மகன் பிரான்சுவாவும் வெளியே சென்றிருக்கும் நேரத்தில், ஒரு பெரிய கார் வந்து நிற்கிறது. உள்ளே ழெனெவியேவ், பக்கத்தில் அவன் மகள் பிரான்சுவாஸ். காதல் நாட்களில் பேசி வைத்த பெயரைத்தான் இரு வீடுகளிலும் இரு குழந்தைகளுக்கும் இட்டிருக்கிறார்கள். அறைக்குள் இருவரும் ஏதேதோ சில சொற்கள் பேசுகின்றனர். இடையே பெட்ரோல் போடும் பையன் எட்டிப் பார்த்து, எந்த ரகம் வேண்டும் என்று பாடிக் கேட்கிறான். அவளுக்கு எதுவும் பொருட்டாக இல்லை. குழந்தையைப் பார்க்கிறாயா என்று அவள் கேட்க, அவன் தலையசைத்து மறுக்கிறான். நலமாக இருக்கிறாயா என்று கேட்க, மிக நலம் என்கிறான். கார் போய்விடுகிறது. மனைவி திரும்பி வருகிறாள். அவன் மகனோடு பனியில் விளையாடுகிறான்.

முதலில் நமக்குச் சிரிப்பை உண்டாக்கிய அந்தப் பெட்ரோல் கேள்வி, இப்போது எவ்வளவு கனமாக விழுகிறது பாருங்கள்! வாழ்க்கையில் மிகப் பெரிய கணங்கள் அப்படித்தான் வருகின்றன. பேரம், பில், பெட்ரோல் என்னும் சில்லறைச் சொற்களுக்கு நடுவிலே வருகின்றன. இந்த உண்மையைச் சொல்லத்தான் தெமி எல்லாச் சொல்லையும் பாட்டாக்கினார் என்று நாம் கருதுகிறோம். காதல் மொழிக்கு ஓர் இசை, கடைத்தெரு மொழிக்கு வேறு ஓசை என்று அவர் பிரிக்கவில்லை. எளிய மனிதரின் எந்தச் சொல்லும் இசைக்குத் தகுதியற்றதன்று என்பதே அவர் கலையின் அறம். இன்னொன்றும் உண்டு. இந்தக் கதையில் கெட்டவர் ஒருவரும் இல்லை. தாய் உலகம் அறிந்தவள், கசார் கண்ணியமானவர், மதலேன் அன்பு மிக்கவள். யாரும் யாரையும் ஏமாற்றவில்லை. காலமும் தொலைவும், அவர்களைக் கேளாமல் நடந்த ஒரு யுத்தமும் சேர்ந்து இரு வாழ்க்கைகளை வேறு வேறு வழியில் திருப்பிவிட்டன.

அந்தக் காலமே பிறகு படத்தின்மீதும் கைவைத்தது. அன்று வழங்கிய வண்ணச் சுருளின் சாயம் நிலைப்பதன்று. ஆண்டுகள் செல்லச் செல்ல வெளிறிப்போகும். நிறமே உயிரான இப்படத்துக்கு அது மரணத்துக்கு ஒப்பாகும். தெமி இதை முன்னரே எண்ணிப் பார்த்திருந்தார். படத்தின் மூன்று மூல நிறங்களையும் தனித்தனியே பிரித்து, மூன்று கறுப்பு வெள்ளைச் சுருள்களில் பதிவு செய்து வைத்தார். கறுப்பு வெள்ளைச் சுருளில் உருவத்தைத் தாங்குவது வெள்ளித் துகள். சாயத்தைப்போல அது எளிதில் மங்காது. 1990-ஆம் ஆண்டு அக்டோபர் 27-ஆம் நாள் தெமி காலமானார். அவர் மனைவியாரும் புகழ்பெற்ற இயக்குநருமான ஆன்யெஸ் வார்தா, அந்த மூன்று சுருள்களைக் கொண்டு பழைய நிறங்களை மீட்டெடுக்கும் பணியை 1990-களின் தொடக்கத்தில் முன்னின்று நடத்தினார். ஒலியைச் சீர்செய்யும் பணியில் லெக்ரான் துணைநின்றார். 2013-இல் மின்னணு முறையில் மீண்டும் புதுப்பிக்கப்பட்ட பிரதி, பரிசு பெற்ற அதே கான் நகர விழாவில் திரையிடப்பட்டது. கறுப்பு வெள்ளையில் அடைக்கலம் வைத்த வண்ணம் மீண்டும் வண்ணமாயிற்று!

தெமியும் லெக்ரானும் 1967-இல் ‘ரோஷ்ஃபோர்ப் பெண்கள்’ என்னும் மற்றோர் இசைப்படத்தை அளித்தனர். அது ஆட்டமும் மகிழ்ச்சியும் மிகுந்தது. 1982-இல் தெமி, தம் நாந்த் நகரத்தில் 1955-இல் நடந்த வேலைநிறுத்தத்தைப் பின்னணியாகக் கொண்டு, முழுவதும் பாடப்படும் படத்தை மீண்டும் ஒருமுறை எடுத்தார். அதற்கு இசை வேறொருவர். 2016-இல் ‘லா லா லேண்ட்’ எடுத்த அமெரிக்க இயக்குநர் டேமியன் ஷசெல், ஷெர்பூர்ப் படத்துக்குத் தாம் பட்ட கடனை வெளிப்படையாகக் கூறியுள்ளார். லெக்ரான் 2019 ஜனவரியில் மறைந்தார். ஷெர்பூரிலோ, 1986 முதல் உண்மையாகவே குடைகள் செய்யும் தொழிலகம் ஒன்று நடந்து வருகிறது. படத்தின் பெயர் ஊருக்கு ஒரு தொழிலையே தந்துவிட்டது.

பிரிந்து சென்றவர் எல்லாரும் திரும்புவதில்லை. திரும்பியவர் எல்லாரும் விட்டுச்சென்ற இடத்தையே காண்பதும் இல்லை. ஊர் விடுமுறைக்குச் சென்று, பழகிய தெருவில் பழைய கடையைத் தேடி நின்ற அனுபவம் நமக்கும் உண்டு. அப்படி நின்ற ஒருவனைத் திட்டாமல், தேற்றாமல், பனியில் தன் மகனோடு விளையாட விட்டுவிட்டுக் காமிரா மேலே எழுந்து விலகுகிறது. அந்த விலகலில் உள்ள கருணையே இப்படத்தின் இனிமை. வாய்ப்புக் கிடைக்கும்போது நேயர்கள் இதனைக் காண வேண்டும். பிரெஞ்சு மொழி தெரியாது என்ற தயக்கம் வேண்டாம். பாட்டாகப் பேசுகிறவர்களைப் புரிந்துகொள்ள நம் பாட்டன்மாரின் மேடை நம்மைப் பழக்கியிருக்கிறது.